யார் காசில் நடந்த பத்திரிகை? அமெரிக்கக் கறுப்பின ஏடுகளும் உரிமைப் போராட்டமும்

செந்தாழை (இழையைத் தொடங்கியவர்)

அமெரிக்கக் கறுப்பினத்தவரின் உரிமைப் போராட்டத்தைப் பற்றித் தமிழில் எழுதுவோர் பெரும்பாலும் மார்ட்டின் லூதர் கிங்கில் தொடங்கி அவரிலேயே முடித்துவிடுகிறார்கள். மான்ட்கோமரிப் பேருந்துப் புறக்கணிப்பு தொடங்கிய 1955-க்கு நூற்றிருபது ஆண்டுகளுக்கும் முன்பிருந்தே அந்த மக்கள் சொந்தமாகப் பத்திரிகை நடத்தி வந்தார்கள் என்பது பேச்சில் வருவதே இல்லை. 1827 மார்ச் 16 அன்று நியூயார்க்கில் சாமுவேல் கார்னிஷும் ஜான் ரஸ்வர்மும் ‘ஃப்ரீடம்ஸ் ஜர்னல்’ என்ற வார ஏட்டைத் தொடங்கினார்கள். எங்கள் வழக்கை நாங்களே வாதாட விரும்புகிறோம், நெடுங்காலமாகப் பிறரே எங்களுக்காகப் பேசி வந்திருக்கிறார்கள் என்று முதல் இதழிலேயே அது அறிவித்தது. தென் மாநிலங்களில் அடிமை முறை சட்டப்படி நடந்துகொண்டிருந்த காலம் அது.

ஆனால் இந்த இழையை நான் தொடங்குவது பெருமைப் பட்டியல் போடுவதற்காக அன்று. இந்த ஏடுகளில் எவை துணிந்து பேசின, எவை அடக்கி வாசித்தன என்று பார்த்தால், ஆசிரியரின் நெஞ்சுரத்தைக் காட்டிலும் இரண்டு விஷயங்கள் அதிகம் தீர்மானித்திருக்கின்றன என்பது என் எண்ணம்: பத்திரிகைக்குக் காசு யாரிடமிருந்து வந்தது, அச்சு இயந்திரம் எந்த ஊரில் நின்றது.

‘சிகாகோ டிஃபெண்டர்’ இதற்கு நல்ல சான்று. ராபர்ட் அபட் 1905 மே மாதத்தில் 25 சென்ட் கையிருப்போடு 300 பிரதிகள் அச்சிட்டு இதைத் தொடங்கினார். வீட்டு உரிமையாளரான அம்மையாரின் சமையலறைதான் அலுவலகம். பத்துப் பதினைந்து ஆண்டுகளில் அது நாட்டிலேயே அதிகம் விற்கும் கறுப்பின ஏடுகளில் ஒன்றாகிவிட்டது. சிகாகோ ரயில் பாதைகள் வந்து கூடும் நகரம். புல்மன் நிறுவனத்தின் படுக்கை வசதிப் பெட்டிகளில் வேலை பார்த்த போர்ட்டர்கள் அநேகமாக எல்லோருமே கறுப்பினத்தவர். அவர்கள் கட்டுக்கட்டாக ஏட்டை எடுத்துச் சென்று மிசிசிப்பியிலும் ஜார்ஜியாவிலும் இறக்கினார்கள். முடிதிருத்தும் கடைகளிலும் தேவாலயங்களிலும் ஒருவர் வாசிக்கப் பலர் கேட்டார்கள். தெற்கை விட்டு வடக்கே வாருங்கள் என்று அபட் திரும்பத் திரும்ப எழுதினார். எந்த ஊரில் என்ன கூலி என்று வேலை விளம்பரங்களை வெளியிட்டார். 1970 வரை வடக்குக்கும் மேற்குக்கும் பெயர்ந்த சுமார் 60 லட்சம் பேரில் முதல் அலையைக் கிளப்பியதில் இந்த ஏட்டின் பங்கை மறுப்பவர் அரிது. தெற்கில் பல ஊர்களில் இதை விற்பவரையும் வைத்திருப்பவரையும் மிரட்டினார்கள். அபட்டை மட்டும் எட்டிப் பிடிக்க முடியவில்லை. காசு வாசகரின் கையிலிருந்து வந்தது. இயந்திரம் சிகாகோவில் இருந்தது.

மாற்றுக் கருத்து உள்ளவர்கள் தாராளமாக எழுதலாம்.

வைகைக்கரையான்

உங்கள் வாதம் சுவையானது. ஆனால் ஐடா பி. வெல்ஸ் என்ற கறுப்பினப் பெண் பத்திரிகையாளரை அது எங்கே வைக்கிறது என்று விளங்கவில்லை. அவருடைய ‘ஃப்ரீ ஸ்பீச்’ டென்னசி மாநிலத்து மெம்ஃபிஸ் நகரில் அச்சாயிற்று. எட்டிப் பிடிக்கும் தூரம் என்ன, எதிரிகள் அடுத்த தெருவிலேயே இருந்தார்கள்.

1892 மார்ச்சில் அந்நகரில் தாமஸ் மாஸ் உட்பட மூவரைச் சிறையிலிருந்து இழுத்துச் சென்று ஒரு கும்பல் கொன்றது. அவர்கள் நடத்திய மளிகைக் கடை வெள்ளையர் ஒருவருடைய கடையின் வியாபாரத்தைக் குறைத்ததுதான் பகையின் வேர். மாஸ் வெல்ஸுக்கு நெருங்கிய நண்பர். அவர் மகளுக்கு வெல்ஸ் ஞானத்தாய். உயிருக்கும் உடைமைக்கும் பாதுகாப்புத் தராத, நீதிமன்றத்தில் நியாயமும் கிடைக்காத இந்த ஊரைவிட்டுக் காசு சேர்த்துக்கொண்டு கிளம்புங்கள் என்று அவர் ஏடு எழுதியது. மக்கள் ஓக்லஹோமா நோக்கிக் கிளம்பினார்கள்; எஞ்சியவர்கள் டிராம் ஏறுவதை நிறுத்தினார்கள். சில வாரங்களில் டிராம் கம்பெனி அதிகாரிகளே பத்திரிகை அலுவலகத்துக்கு வந்து, உங்கள் ஆட்களை மறுபடி வண்டியில் ஏறச் சொல்லுங்கள் என்று கேட்டார்கள். மான்ட்கோமரிக்கு அறுபது ஆண்டுகளுக்கு முன்பே ஒரு போக்குவரத்துப் புறக்கணிப்பு, அதுவும் ஒரு வார ஏட்டின் தூண்டுதலால் நடந்திருக்கிறது.

மே மாதத்தில் இன்னொரு தலையங்கம் வந்தது. வெள்ளைப் பெண்களைக் கெடுத்தார்கள் என்பதற்காகத்தான் கும்பல்கள் கொல்கின்றன என்ற வழக்கமான சாக்கை யாரும் நம்பவில்லை என்று அது எழுதியது. கும்பல் அலுவலகத்தைச் சூறையாடியது. வெல்ஸ் அப்போது கிழக்கே பயணத்தில் இருந்ததால் உயிர் பிழைத்தார். திரும்பினால் கொல்வோம் என்று தகவல் வந்தது. அதன் பின் நியூயார்க்கில் ‘நியூயார்க் ஏஜ்’ ஏட்டில் எழுதினார். ஆகவே ஊர் தீர்மானித்தது என்பதைவிட, ஊரையும் மீறிச் சிலர் பேசினார்கள் என்பதே எனக்குப் பெரிதாகப் படுகிறது.

பழைய அச்சகத்தான்

ஈய எழுத்துக் காலத்தில் அச்சுக் கோத்தவன் என்ற முறையில் ஒன்றைச் சேர்க்கிறேன். அலுவலகத்தைச் சூறையாடினார்கள் என்று வாசிக்கும்போது நாற்காலி மேசையை உடைத்ததாக நினைத்துக்கொள்ளக் கூடாது. ஒரு சிறிய வார ஏட்டின் சொத்து முழுவதும் எழுத்துகள் நிறைந்த மரப் பெட்டிகளிலும் ஓர் இயந்திரத்திலும் அடங்கிவிடும். பெட்டிகளைத் தரையில் கவிழ்த்துவிட்டாலே போதும்; எழுத்து எழுத்தாகப் பொறுக்கிப் பிரித்து அடுக்குவதற்குள் இரண்டு இதழ் தவறிவிடும். இயந்திரத்தையும் நொறுக்கிவிட்டால் மறுபடி தொடங்கக் கடன் கொடுப்பவர் யார்? கும்பலுக்கு இது தெரிந்தே இருந்தது. 1898 நவம்பர் 10 அன்று வட கரோலினாவின் வில்மிங்டனில் அலெக்ஸாண்டர் மேன்லியின் ‘டெய்லி ரெக்கார்ட்’ அச்சகத்தைக் கொளுத்திவிட்டு, அன்றே தேர்ந்தெடுக்கப்பட்ட நகர நிர்வாகத்தையும் துப்பாக்கி முனையில் இறக்கினார்கள். முதலில் அச்சகம், பிறகுதான் நகரமன்றம் என்ற வரிசையைக் கவனியுங்கள்.

வெல்ஸ் பற்றி இன்னொரு செய்தி. எழுத்தறியாதவர்களும் அவருடைய ஏட்டை ஆள் அனுப்பி வாங்கினார்கள். ரயிலில் விற்ற சிலர் வேறு ஏடுகளைத் தலையில் கட்டியதால் அவர் இளஞ்சிவப்புத் தாளில் அச்சிடத் தொடங்கினார். வாசிக்கத் தெரியாதவரையும் வாசகராகக் கணக்கில் எடுத்துக்கொண்ட ஆசிரியர் அவர். தொழில் தெரிந்த கை என்று இதைத்தான் சொல்வோம்.

நிலாமுற்றம்

செந்தாழை அவர்களே, உங்கள் காசுக் கணக்கை ஏற்கிறேன். ஆனால் முழுக்கணக்கையும் எழுத வேண்டும். நீங்கள் உயர்த்திப் பிடிக்கும் அதே ‘டிஃபெண்டர்’, 1925-இல் ஃபிலிப் ரேண்டால்ஃப் புல்மன் போர்ட்டர்களுக்குத் தொழிற்சங்கம் அமைத்தபோது அதை எதிர்த்தது. புல்மன் நிறுவனம் விளம்பரம் கொடுத்துக்கொண்டிருந்தது. எந்தப் போர்ட்டர்களின் தோளில் ஏறி அந்த ஏடு தெற்கே போயிற்றோ, அவர்களுக்கே எதிராக எழுதியது. வாசகர்கள் சினந்தார்கள், 1927-இல் அபட் நிலையை மாற்றிக்கொண்டார். சிகாகோவில் இருந்தது இயந்திரம் மட்டுமன்று, புல்மன் நிறுவனத்தின் தலைமையகமும் அங்கேதான் இருந்தது.

அட்லாண்டாவைப் பாருங்கள். ‘அட்லாண்டா டெய்லி வேர்ல்ட்’ 1932 முதல் நாளிதழாக வந்த ஏடு. அந்தக் காலத்தில் அது சாதாரண சாதனை அன்று. ஆனால் 1960-இல் மாணவர்கள் உணவகங்களில் அமர்ந்து மறியல் செய்தபோது அதன் ஆசிரியர் சி. ஏ. ஸ்காட் முகம் சுளித்தார். நீதிமன்றமும் வாக்குரிமையும் போதும் என்பது அவருடைய கட்சி. நகரத்துப் பெரிய கடைகளைப் பகைத்துக்கொள்ள அவருக்கு மனம் இல்லை. வேறு வழியின்றி மாணவர்களும் பேராசிரியர்களும் அவர்களுடைய நண்பர்களும் சேர்ந்து அதே ஆண்டில் ‘அட்லாண்டா இன்க்வயரர்’ என்று தனி ஏடு தொடங்க வேண்டியதாயிற்று. பின்னாளில் உரிமைப் போராட்டத் தலைவராகப் புகழ்பெற்ற ஜூலியன் பாண்ட் அதில் எழுதிப் பழகியவர்தான்.

இதைவிடக் கசப்பான கதை மிசிசிப்பியின் பெர்சி கிரீன். 1940-களில் வாக்குரிமைக்காகக் குரல் கொடுத்த அவருடைய ‘ஜாக்சன் அட்வகேட்’, பிற்பாடு போராட்டத்தையே தாக்கி எழுதியது. நிறப் பிரிவினையைக் காப்பதற்காக மாநில அரசு 1956-இல் அமைத்த ஆணையத்திடமிருந்து அவர் பணம் பெற்றார் என்பதை அந்த ஆணையத்தின் ஆவணங்களே காட்டுகின்றன. கறுப்பினப் பத்திரிகை என்று ஒரே மூச்சில் சொல்லிவிடுவது எனக்கு உவப்பாக இல்லை.

செந்தாழை

நிலாமுற்றம் சொல்வது என் வாதத்துக்கு எதிரானது என்று நான் கருதவில்லை. கிரீனுக்குக் காசு எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் அவர் எழுத்து எந்தப் பக்கம் சாயும் என்று சொல்லிவிடலாம். ‘டிஃபெண்டர்’ நிலை மாறியதற்கும் காரணம் வாசகரின் காசுதான். புல்மன் விளம்பரத்தை இழந்தாலும் பிழைக்கலாம், போர்ட்டர்களையும் அவர்கள் குடும்பங்களையும் இழந்தால் பிழைக்க முடியாது. வெள்ளையர் நிறுவனங்கள் நெடுங்காலம் இந்த ஏடுகளுக்கு விளம்பரம் தராமல் ஒதுக்கியே வைத்திருந்தன. அது அவமதிப்பு, ஆனால் அந்த அவமதிப்பே ஒரு வகையில் காப்பாகவும் அமைந்தது.

வைகைக்கரையானுக்கு: ஊரை மீறிப் பேசியவர்கள் உண்டு. அவர்களுக்கு என்ன ஆயிற்று என்பதையும் பார்க்க வேண்டும். லிட்டில் ராக் நகரில் எல். சி. பேட்ஸும் டெய்சி பேட்ஸும் 1941-இல் தொடங்கிய ‘ஆர்கன்சா ஸ்டேட் பிரஸ்’ ஏட்டின் கதையை எடுத்துக்கொள்ளுங்கள். 1942-இல் ஒன்பதாம் தெருவில் கறுப்பினப் படைவீரர் ஒருவரை உள்ளூர்க் காவலர் சுட்டுக் கொன்றதை அவர்கள் விரிவாக எழுதினார்கள். கடைக்காரர்கள் விளம்பரத்தை நிறுத்தினார்கள். கணவனும் மனைவியும் தெருத்தெருவாகச் சந்தா சேர்த்து ஏட்டை மறுபடி நிமிர்த்தினார்கள். 1957-இல் அதுவரை வெள்ளையர் மட்டுமே படித்த சென்ட்ரல் உயர்நிலைப் பள்ளியில் ஒன்பது கறுப்பின மாணவர்களைச் சேர்ப்பதற்கு டெய்சி பேட்ஸ் முன்னின்றபோது மீண்டும் விளம்பரப் புறக்கணிப்பு. இம்முறை முகவர்களையும் மிரட்டினார்கள். 1959-இல் ஏடு நின்றுவிட்டது. மெம்ஃபிஸில் சுத்தியல் செய்ததை லிட்டில் ராக்கில் ரசீதுப் புத்தகம் செய்தது. இரண்டாவது முறையில் சத்தம் வராது, வழக்கும் வராது.

கரிசல்மண்

அரசாங்கம் நேரடியாக வாயை அடைக்க முயன்ற கட்டத்தை இன்னும் யாரும் தொடவில்லை.

1942 ஜனவரி 31 இதழில் ‘பிட்ஸ்பர்க் கூரியர்’ என்ற கறுப்பின ஏடு ஒரு வாசகர் கடிதத்தை வெளியிட்டது. எழுதியவர் ஜேம்ஸ் தாம்ஸன். கன்சாஸ் மாநிலத்தில் விமானத் தொழிற்சாலை ஒன்றின் உணவகத்தில் வேலை பார்த்த 26 வயது இளைஞர். பாதி அமெரிக்கனாக வாழ்வதற்காக நான் உயிரைக் கொடுக்க வேண்டுமா என்று அவர் கேட்டார். வெளியிலுள்ள எதிரியின் மீது ஒரு வெற்றி, உள்நாட்டில் நம்மை ஒடுக்குவோர் மீது ஒரு வெற்றி, இரண்டும் வேண்டும் என்றார். அடுத்த வாரமே ‘கூரியர்’ இரட்டை வெற்றிச் சின்னத்தை அச்சிட்டது. சட்டைப் பொத்தான் சின்னமாகவும் சிகை அலங்காரமாகவும்கூட அது பரவியது. பிற ஏடுகளும் கைகோத்துக்கொண்டன.

மத்தியப் புலனாய்வுத் துறையான எஃப்.பி.ஐ.யின் தலைவர் எட்கர் ஹூவர் இந்த ஏடுகளின் மீது ராஜத் துரோக வழக்குத் தொடர வேண்டும் என்று கருதினார். முதல் உலகப் போரில் அப்படி வழக்குகள் போட்டுப் பழக்கம் இருந்தது. அபட்டின் மருமகனும் ‘டிஃபெண்டர்’ பொறுப்பை ஏற்றவருமான ஜான் செங்ஸ்டேக் (உடன்பிறந்தார் மகன் என்ற பொருளில் சொல்கிறேன்) 1942 ஜூனில் வாஷிங்டனில் நீதித் துறையின் தலைவரான அட்டர்னி ஜெனரல் பிரான்சிஸ் பிடிலைச் சந்தித்தார். மேசையின் மீது கறுப்பின ஏடுகள் விரித்து வைக்கப்பட்டிருந்தன. படைமுகாம்களில் நடந்த மோதல்களைப் பற்றிய செய்திகள் போர் முயற்சிக்குக் கேடு என்றார் பிடில். செங்ஸ்டேக் விட்டுக்கொடுக்கவில்லை. அமைச்சர்களும் அதிகாரிகளும் எங்கள் நிருபர்களைச் சந்திக்க மறுக்கிறார்கள், தகவலைத் தந்தால் சரியாக எழுதுவோம், தராவிட்டால் கிடைத்ததை எழுதுவோம் என்ற பொருளில் பேசினார். வழக்குப் போடுவதில்லை என்று பிடில் ஒப்புக்கொண்டார். 1944 பிப்ரவரியில் ஹாரி மெக்கல்பின் வெள்ளை மாளிகைச் செய்தியாளர் கூட்டத்தில் கலந்துகொண்ட முதல் கறுப்பின நிருபரானார். படைகளில் நிறப் பிரிவினையை ஒழிக்க அதிபர் ட்ரூமன் 1948-இல் ஆணையிட்டபோது, அதை நிறைவேற்றும் குழுவில் செங்ஸ்டேக்கும் ஓர் உறுப்பினர்.

இதில் பேரம் இருந்ததா என்றால் இருந்தது. வழக்கில்லாமல் தப்பித்த ஏடுகள் அதன் பின் சற்றுத் தணிந்தே எழுதின என்று சொல்வோரும் உண்டு. நான் அதைக் குறையாகப் பார்க்கவில்லை.

தாமிரபரணி

குறுக்கே ஒரு கேள்வி. இந்த ஏடுகளின் பக்கங்களில் தோலை வெளுப்பாக்கும் பசைக்கும் முடியை நீட்டும் எண்ணெய்க்கும் விளம்பரம் நிறைய வருமே? முதல் பக்கத்தில் இனப் பெருமை, உள்பக்கத்தில் சிவப்பழகு. கொலை, கள்ளக்காதல் செய்திகளுக்கும் குறைவில்லை. இதைப் பற்றி யாரும் பேசவில்லையே.

பழைய அச்சகத்தான்

பேசலாம். அந்தப் பசை வியாபாரியின் காசில்தான் கும்பல் கொலையைப் பற்றிய தலையங்கமும் அச்சாயிற்று. பெரிய கடைகள் விளம்பரம் தராதபோது வந்ததை வாங்கிப் போட்டார்கள். பரபரப்புச் செய்தி இல்லாமல் எந்த வார ஏடும் அந்தக் காலத்தில் விற்றதில்லை. கொலைச் செய்திக்காக வாங்கிய கை தலையங்கத்தையும் புரட்டும்.

வைகைக்கரையான்

காசையும் ஊரையும் கடந்து வர வேண்டிய இடம் 1955.

பதினான்கு வயது எம்மெட் டில் மிசிசிப்பியில் கொல்லப்பட்டபோது, அவருடைய தாய் மேமி சவப்பெட்டியைத் திறந்து வைத்தே சிகாகோவில் இறுதிச் சடங்கை நடத்தினார். சிதைந்த முகத்தின் படத்தை ‘ஜெட்’ என்ற கறுப்பின வார இதழ் செப்டம்பர் 15 இதழில் வெளியிட்டது. ‘டிஃபெண்டர்’ உள்ளிட்ட ஏடுகளும் வெளியிட்டன. வெள்ளையர் நடத்திய பெரிய பத்திரிகைகளில் அந்தப் படம் வரவில்லை. ஒரு தலைமுறைக் கறுப்பின இளைஞர்களை உலுக்கிய படத்தை வெள்ளை வாசகரில் பெரும்பாலோர் அப்போது பார்க்கவே இல்லை.

மிசிசிப்பியின் சம்னர் ஊரில் கொலை வழக்கு விசாரணை நடந்தபோது கறுப்பின நிருபர்களை ஒதுக்குப்புறமாகச் சீட்டாடும் சிறு மேசை ஒன்றில் உட்கார வைத்தார்கள். அப்பகுதியின் காவல் தலைவரான ஷெரிஃப் தினமும் காலையில் வசைச் சொல்லால்தான் அவர்களுக்கு வணக்கம் வைத்தார். ஆனால் வழக்கின் முக்கியச் சாட்சிகள் கிடைத்ததில் அந்த மேசைக்குப் பங்குண்டு. ‘ஜெட்’ இதழின் சைமியன் புக்கர், ஜேம்ஸ் ஹிக்ஸ், மெம்ஃபிஸ் ‘ட்ரை-ஸ்டேட் டிஃபெண்டர்’ ஏட்டின் அலெக்ஸ் வில்சன் ஆகியோர் மிசிசிப்பியின் கறுப்பின உரிமைத் தலைவரான மருத்துவர் ஹோவர்டுடனும் மெட்கர் எவர்ஸ் போன்ற இயக்கத்தவருடனும் சேர்ந்து, பருத்தித் தோட்டங்களில் பயந்து ஒளிந்திருந்தவர்களைத் தேடும் வேலையில் பங்கெடுத்தார்கள். சாட்சிகளின் உயிருக்கு ஆபத்து என்பதால் கையில் இருந்த செய்தியை உடனே அச்சிடாமல் நிறுத்தியும் வைத்தார்கள். செய்தியாளர் எவருக்கும் இது எளிய காரியம் அன்று. நடுவர் குழுவினர் அனைவரும் வெள்ளையர். ஒரு மணி நேரத்துக்குச் சற்று அதிகமாகக் கூடிப் பேசிக் குற்றவாளிகளை விடுவித்தார்கள்.

வில்சனைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 1957 செப்டம்பர் 23 காலையில் லிட்டில் ராக் பள்ளிக்கு வெளியே கூடிய கும்பல் நான்கு கறுப்பினச் செய்தியாளர்கள் மீது பாய்ந்தது. மற்றவர்கள் விலகி ஓடினார்கள். உயரமான மனிதரான வில்சன் கோட்டும் தொப்பியுமாக நடந்தார். உதைத்தார்கள், ஒருவன் முதுகில் ஏறிக் கழுத்தை நெரித்தான், இன்னொருவன் கையில் செங்கல். தொப்பி விழுந்தபோது குனிந்து எடுத்து, மடிப்பைச் சரிசெய்து தலையில் வைத்துக்கொண்டு மறுபடி நடந்தார். இளமையில் கு கிளக்ஸ் கிளான் என்ற வெள்ளை இனவெறி அமைப்பினரைக் கண்டு ஒரு முறை ஓடியதாகவும், இனி ஓடுவதில்லை என்று அன்றே முடிவு செய்ததாகவும் அவர் சொல்லியிருக்கிறார். அவரைத் தாக்கும் படங்கள் உலகெங்கும் போயின. கும்பல் இவர்களின் பக்கம் திரும்பியிருந்த வேளையில்தான் ஒன்பது மாணவர்களும் பக்கவாட்டுக் கதவு வழியாகப் பள்ளிக்குள் நுழைந்தார்கள். வில்சன் 1960-இல், 51 வயதில் காலமானார்.

செந்தாழையின் சூத்திரத்தில் வில்சனை எந்தப் பத்தியில் எழுதுவது?

நிலாமுற்றம்

அவரை எந்தப் பத்தியிலும் எழுத வேண்டாம். அதற்கு அடுத்து நடந்ததைப் பார்ப்போம், அங்கே காசுக் கணக்கு மறுபடி வந்துவிடும்.

1960-களின் நடுவில் பெரிய பத்திரிகைகளும் தொலைக்காட்சியும் போராட்டத்தைத் தலைப்புச் செய்தியாக்கின. ஆனால் அவற்றின் செய்தி அறைகளில் கறுப்பினத்தவர் மிக அரிது. 1965-இல் லாஸ் ஏஞ்சலஸ் நகரின் வாட்ஸ் பகுதியில் கலவரம் மூண்டபோது ‘லாஸ் ஏஞ்சலஸ் டைம்ஸ்’ தன் விளம்பரப் பிரிவில் இருந்த ராபர்ட் ரிச்சர்ட்சன் என்ற 24 வயது இளைஞரைச் செய்தி சேகரிக்க அனுப்பியது. அவர் தெருவிலிருந்து தொலைபேசியில் சொல்லச் சொல்ல அலுவலகத்தில் எழுதிக்கொண்டார்கள். அந்த ஏட்டுக்கு அடுத்த ஆண்டு புலிட்சர் பரிசு கிடைத்தது. செய்தித் துறையின் ஆசிரியப் பணிகளில் கறுப்பினத்தவர் 5 விழுக்காட்டுக்கும் குறைவு என்று 1968-இல், கலவரங்களை ஆராய அரசு அமைத்த கெர்னர் ஆணையம் கடிந்துகொண்ட பிறகு, பெரிய பத்திரிகைகள் ஆள் தேடத் தொடங்கின. பயிற்சி பெற்றவர்கள் எங்கே கிடைப்பார்கள்? ‘டிஃபெண்டர்’, ‘கூரியர்’ அலுவலகங்களில்தான். கூடுதல் சம்பளம் கொடுத்து அழைத்துக்கொண்டார்கள். போனவர்களைக் குறை சொல்ல முடியாது. வாசகரும் மெல்லப் பின்னால் போனார்கள்.

செந்தாழை

வில்சனுக்கு என் சூத்திரத்தில் இடமில்லை என்பதை வைகைக்கரையானுக்குக் கொடுத்துவிடுகிறேன். நிலாமுற்றம் எழுதியதோடு ஒரு செய்தியைச் சேர்க்கலாம். எல்லாமே மூடப்பட்டுவிடவில்லை. ‘டிஃபெண்டர்’ 2019 ஜூலையில் அச்சை நிறுத்தி இணையத்துக்கு மாறியது. ஆனால் ஜான் மர்ஃபி 1890-களில் மனைவியிடம் 200 டாலர் கடன் வாங்கிக் கைப்பற்றிய பால்டிமோர் ‘ஆஃப்ரோ-அமெரிக்கன்’ இன்றும் அதே குடும்பத்தின் கையில் நடக்கிறது. ஊருக்கு ஊர் இருந்த இந்தச் சிறு ஏடுகளுக்கு நாட்டுச் செய்தி எப்படிக் கிடைத்தது என்பதை இன்னும் நாம் பேசவில்லை. கிளாட் பார்னெட் 1919-இல் சிகாகோவில் தொடங்கிய ‘அசோசியேட்டட் நீக்ரோ பிரஸ்’ செய்தி நிறுவனத்தைப் பற்றிக் கரிசல்மண் எழுதினால் நன்றாக இருக்கும். பண நெருக்கடியில் இருந்த ஏடுகளிடம் சந்தாவுக்குப் பதிலாக விளம்பர இடத்தை வாங்கி அதை விற்றுச் சமாளித்தவர் அவர். காசுக் கணக்கில் என்னைவிடக் கெட்டிக்காரர்.